உங்களுக்குத் தெரியுமா? – காலிக் கேமராவும் வளைந்த பாதையும்

இந்த வாரம் முழுக்க ஒரே ஒருவரைப் பற்றித்தான்: ஈரானிய இயக்குநர் அப்பாஸ் கியரோஸ்தமி. பெங்களூரில் ரிச்சர்ட்ஸ் டவுன், குக் டவுன், பிரேசர் டவுன் பக்கம் தமிழ்ப் படம் பார்த்து வளர்ந்த குடும்பங்களுக்கு இந்தப் பெயர் புதிதாக இருக்கலாம். ஆனால் தெஹ்ரானுக்கும் நம் கண்டோன்மென்டுக்கும் நடுவே நாம் நினைப்பதைவிட நிறைய இழைகள் ஓடுகின்றன. ஒவ்வொன்றாக வருகிறேன்.

★

மொட்டைக் குன்று. அதன் மேல் இப்படியும் அப்படியும் வளைந்து ஏறும் ஒற்றையடிப் பாதை. உச்சியில் ஒரே ஒரு மரம். ‘நண்பனின் வீடு எங்கே?’ (1987) படத்தைப் பார்த்த யாரும் இந்தக் காட்சியை மறப்பதில்லை. அந்தப் பாதை அங்கே முன்பு கிடையாது, படத்துக்காகவே உண்டாக்கப்பட்டது என்பது உங்களுக்குத் தெரியுமா? உள்ளதை உள்ளபடி எடுத்தவர் என்று கியரோஸ்தமியைப் பாராட்டுவது வழக்கம். ஆனால் அவர் ஓவியம் படித்தவர். தனக்கு வேண்டிய கோடு மலையில் இல்லையென்றால் மலையிலேயே வரைந்துவிடுவார்.

★

அந்தப் படத்தின் கதை ஒரு வரிதான். அகமது என்ற பள்ளிச் சிறுவன், பக்கத்தில் உட்காரும் முகமது ரெஸாவின் நோட்டுப் புத்தகத்தைத் தவறுதலாக வீட்டுக்கு எடுத்து வந்துவிடுகிறான். இன்னொரு முறை வீட்டுப்பாடத்தை நோட்டில் எழுதாமல் தாளில் எழுதி வந்தால் பள்ளியை விட்டே அனுப்பிவிடுவேன் என்று வாத்தியார் அன்று காலைதான் முகமது ரெஸாவை மிரட்டியிருக்கிறார். நண்பன் இருப்பது அடுத்த ஊரில். அம்மாவிடம் சொன்னால் “முதலில் உன் பாடத்தை எழுது” என்கிறாள். அவன் ஓடுகிறான்.

வழியில் தாத்தா பிடித்துக்கொள்கிறார். வீட்டுக்குப் போய் என் சிகரெட்டை எடுத்து வா என்கிறார். பையன் போனதும் பக்கத்தில் இருப்பவர் தன் சிகரெட்டை நீட்ட, தாத்தா வேண்டாம் என்கிறார். சிகரெட் அவரிடமே இருக்கிறது. பையன் சொன்ன பேச்சைக் கேட்டுப் பழக வேண்டும், அதற்காகத்தான் அனுப்பினேன் என்று விளக்கமும் தருகிறார். சின்ன வயதில் தன் அப்பா வாரம் ஒரு காசு கொடுப்பார், பதினைந்து நாளுக்கு ஒருமுறை அடிப்பார். காசு கொடுக்கச் சில சமயம் மறப்பார், அடிக்க மட்டும் மறந்ததே இல்லை என்று பெருமையாகச் சொல்கிறார். நம் வீட்டுத் திண்ணைகளில் இந்தத் தாத்தாவைப் பார்க்காதவர் யார்? கியரோஸ்தமி அவரை வில்லனாக்கவில்லை. பேச விட்டு, கேட்டுக்கொண்டு, பையனோடு நகர்ந்துவிடுகிறார்.

இருட்டியும் வீடு கிடைக்கவில்லை. மறுநாள் வாத்தியார் முகமது ரெஸாவின் நோட்டைத் திறக்கும்போது பாடம் எழுதப்பட்டிருக்கிறது, நடுவில் ஒரு சின்னப் பூ. நண்பனின் பாடத்தையும் அகமதே எழுதிவிட்டான். அந்த இரண்டு சிறுவர்களும் நிஜத்தில் அண்ணன் தம்பிகள். இந்தப் படம்தான் 1989இல் லொகார்னோ விழாவில் வெண்கலச் சிறுத்தை விருது பெற்று, கியரோஸ்தமியை ஐரோப்பாவுக்கு அறிமுகம் செய்தது.

★

கியரோஸ்தமி 1940இல் தெஹ்ரானில் பிறந்தவர். பல்கலைக்கழகத்தில் ஓவியம் படித்தபோது செலவுக்காகப் போக்குவரத்துப் போலீஸ் துறையில் வேலை பார்த்தார். பிறகு 1960களில் தொலைக்காட்சிக்கு விளம்பரப் படங்கள், சுமார் 150. மற்றவர்களின் படங்களுக்கு டைட்டில் வடிவமைப்பும் செய்தார். மசூத் கிமியாயின் புகழ்பெற்ற ‘கைசர்’ (1969) படத்தின் டைட்டில் அவருடையதுதான்.

★

ஈரானின் சிறுவர் நூலகத் திட்டம் ஒன்றிலிருந்துதான் அந்த நாட்டின் உலகப் புகழ் பெற்ற சினிமாவில் பெரும் பகுதி பிறந்தது. 1965இல் தொடங்கிய அந்த நிறுவனத்தைச் சுருக்கமாகக் ‘கானூன்’ என்பார்கள். சிறுவர், இளையோரின் அறிவு வளர்ச்சிக்கென்று ஏற்பட்டது. அதில் திரைப்படப் பிரிவை உருவாக்கும் பொறுப்பு கியரோஸ்தமியிடம் வந்தது. மஜித் மஜிதியின் ‘சில்ட்ரன் ஆஃப் ஹெவன்’ (1997) கூடக் கானூன் தயாரிப்புதான். அண்ணனும் தங்கையும் ஒரே ஜோடி ஷூவைப் பகிர்ந்துகொள்ளும் அந்தப் படத்தை முறைப்படி உரிமை வாங்கித் தமிழில் இயக்குநர் சாமி ‘அக்கா குருவி’யாக (2022) எடுத்தார், இசை இளையராஜா.

ஒரு சிறுவர் நூலகத்துக்கு அரசு ஒதுக்கிய காசு எவ்வளவு தூரம் போயிருக்கிறது என்று எண்ணும்போதெல்லாம் எனக்கு ஏக்கமாக இருக்கும். நம் மாநிலங்களில் ஏதாவது ஒன்று இதைச் செய்து பார்க்கக் கூடாதா?

★

கானூனில் அவர் எடுத்த முதல் குறும்படம் ‘ரொட்டியும் சந்தும்’ (1970). கடையில் ரொட்டி வாங்கிக்கொண்டு ஒரு சிறுவன் வீடு திரும்புகிறான். சந்தில் ஒரு நாய் வழிமறிக்கிறது. அவ்வளவுதான். ரிச்சர்ட்ஸ் பார்க்கைச் சுற்றி விடிகாலையில் நடை போகிறவர்களுக்கு இதைவிடப் பதைபதைப்பான கதை வேண்டுமா? பையன் கடைசியில் ஒரு துண்டு ரொட்டியைப் போட்டுச் சமாதானம் செய்துகொள்கிறான்.

பையனைத் தனியாக, நாயைத் தனியாக எடுத்து ஒட்டிவிடலாம் என்றார் ஒளிப்பதிவாளர். அனுபவசாலி, அவர் சொன்னது வழக்கமான முறை. முதல் படம் எடுக்கும் இளைஞர் ஒத்துக்கொள்ளவில்லை. இரண்டும் ஒரே சட்டகத்தில் இருந்தால்தான் பயம் நிஜமாக இருக்கும் என்று நின்றார். நாய் தன் இஷ்டத்துக்கு நடந்து வரும்வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. வெட்டாமல் காத்திருப்பது என்ற அவர் பாணி அங்கேயே தொடங்கிவிட்டது.

★

‘பயணி’ (1974) படத்தில் காசிம் என்ற சிறுவனுக்குத் தெஹ்ரான் போய்க் கால்பந்து ஆட்டம் பார்க்க வேண்டும். காசில்லை. ஃபிலிம் இல்லாத கேமராவை வைத்துக்கொண்டு பள்ளிப் பிள்ளைகளை வரிசையாக நிறுத்தி, போட்டோ எடுப்பதாகச் சொல்லிக் காசு வாங்குகிறான். தலை வாரிக்கொண்டு, முகத்தைச் சரி செய்துகொண்டு ஒவ்வொரு பிள்ளையாக வந்து நிற்கும். ஏமாற்றுதான். ஆனாலும் அந்தப் பிள்ளைகளின் முகங்கள் பதிவாகிவிட்டன, கியரோஸ்தமியின் கேமராவில். காசிம் எப்படியோ தெஹ்ரான் போய்ச் சேர்கிறான். ஆட்டத்துக்கு நேரமிருக்கிறதே என்று படுத்தவன் அசதியில் தூங்கிவிடுகிறான். விழிக்கும்போது மைதானம் காலி.

★

இனி ‘குளோஸ்-அப்’ (1990). என்னைக் கேட்டால் அவருடைய மிகச் சிறந்த படம் இதுதான். ‘டேஸ்ட் ஆஃப் செர்ரி’ என்று சொல்கிறவர்களோடு எத்தனை நேரம் வேண்டுமானாலும் வாதாடத் தயார்.

ஹுசைன் சப்ஸியான் என்பவர் அச்சுத் தொழிலாளி, ஏழை, சினிமாப் பித்து. பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்த ஒரு அம்மாள், அவர் கையிலிருந்த புத்தகத்தைப் பற்றிக் கேட்கிறார். அது இயக்குநர் மொஹ்சென் மக்மல்பாஃபின் திரைக்கதைப் புத்தகம். “எழுதியது நான்தான்” என்று சொல்லிவிடுகிறார் சப்ஸியான். அங்கிருந்து அந்த அம்மாளின் வீட்டுக்குள் போய்விடுகிறார். உங்கள் வீட்டில் படம் எடுக்கப் போகிறேன், உங்கள் பிள்ளைகளை நடிக்க வைக்கிறேன் என்கிறார். சாப்பிடுகிறார், கொஞ்சம் பணமும் வாங்குகிறார். சந்தேகம் வந்து போலீஸ் வருகிறது. செய்தி பத்திரிகையில் வருகிறது.

வேறு படத்துக்குத் தயாராகிக்கொண்டிருந்த கியரோஸ்தமி அதைப் படித்ததும் கையிலிருந்ததைப் போட்டுவிட்டு ஓடினார். நீதிமன்ற அனுமதி வாங்கி விசாரணைக்குள் கேமராவைக் கொண்டு போனார். பிறகு நடந்ததையெல்லாம் அவரவரையே வைத்து மறுபடி நடிக்கச் செய்தார். ஏமாந்த குடும்பம் தாங்கள் ஏமாந்ததை நடித்தது. ஏமாற்றியவர் தானாகவே நடித்தார். இயக்குநர் என்று பொய் சொன்னவரின் ஆசை அப்படி ஒரு விதத்தில் நிறைவேறியது. அந்த வீட்டில் படம் எடுக்கப்பட்டது, அந்தப் பிள்ளைகளும் நடித்தார்கள்.

ஏன் இப்படிச் செய்தாய் என்ற கேள்விக்குச் சப்ஸியான் தரும் பதில்களை நான் இங்கே சுருக்கப் போவதில்லை. இயக்குநராக இருந்த அந்தச் சில நாள் தான் சொன்னதை நாலு பேர் மதித்துக் கேட்டார்கள் என்பதை அவர் வாயாலேயே கேட்க வேண்டும்.

கடைசிக் காட்சியில் நிஜ மக்மல்பாஃப் வந்து சப்ஸியானை மோட்டார் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு போகிறார். கியரோஸ்தமியின் குழு பின்னாலேயே வண்டியில் போகிறது. மைக் பழுது, பேச்சு விட்டு விட்டுத்தான் கேட்கிறது. அந்தப் பழுது இயக்குநரே வேண்டுமென்று செய்தது. இருவர் நெஞ்சு விட்டுப் பேசுவதை நாம் முழுக்கக் கேட்க வேண்டியதில்லை என்று அவர் நினைத்திருக்கிறார். கேட்காமல் போனதால்தான் அந்தக் காட்சி தொண்டையை அடைக்கிறது.

★

1990 ஜூனில் ஈரானின் வடக்கே பெரும் நிலநடுக்கம். பல்லாயிரம் பேர் மாண்டார்கள். ‘நண்பனின் வீடு’ படமாக்கப்பட்ட கோகெர் கிராமமும் அந்தப் பகுதியில்தான். நடித்த பிள்ளைகள் உயிரோடு இருக்கிறார்களா என்று தேடிக் கியரோஸ்தமி மகனை அழைத்துக்கொண்டு காரில் போனார். அந்தப் பயணத்தை நடிகர்களை வைத்துப் படமாக்கினார்: ‘வாழ்க்கை தொடர்கிறது’ (1992). இடிபாடுகளுக்கு நடுவே ஒருவர் டிவி ஆன்டெனாவை நட்டுக்கொண்டிருக்கிறார், உலகக் கோப்பை ஆட்டம் பார்க்க. இத்தனை சாவுக்கு நடுவிலா என்று கேட்டால், என்ன செய்வது, உலகக் கோப்பை நாலு வருடத்துக்கு ஒருமுறைதானே வருகிறது என்கிற மாதிரி பதில் சொல்கிறார். 2004 டிசம்பர் சுனாமிக்குப் பிறகு நாகப்பட்டினக் கரையில் நின்றவர்களுக்கு இது புரியும்.

அந்தப் படத்தில் வந்த ஒரு புதுமணத் தம்பதியின் சிறு காட்சி இருக்கிறதே, அதைப் படமாக்கும்போது என்ன நடந்தது என்பதை வைத்து இன்னொரு படம்: ‘ஆலிவ் மரங்களுக்கு இடையே’ (1994). ஒரு படத்துக்குள்ளிருந்து அடுத்த படம் கிளைத்தது. இந்த மூன்றையும் விமர்சகர்கள் ‘கோகெர் முப்படம்’ என்கிறார்கள். கியரோஸ்தமிக்கு அது அவ்வளவாகப் பிடிக்கவில்லை. பின்னிரண்டையும் ‘டேஸ்ட் ஆஃப் செர்ரி’யையும் சேர்த்தால்தான் பொருந்தும் என்பது அவர் கருத்து.

★

அவர் படங்களில் ஆட்கள் ஏன் எப்போதும் காரிலேயே இருக்கிறார்கள்? ஹெப்பாள் மேம்பாலத்தில் மாலை ஆறு மணிக்கு மாட்டிக்கொண்ட பெங்களூர்க்காரருக்குப் பாதி விடை தெரியும். இருவர் பக்கத்தில் பக்கத்தில், முகம் பார்க்காமல், எழுந்து போகவும் முடியாமல் உட்கார்ந்தால் உள்ளே கிடப்பதெல்லாம் வெளியே வரும்.

மறுபாதி விடை ஈரானின் சட்டத்தில் இருக்கிறது. 1979 புரட்சிக்குப் பின் திரையில் பெண்கள் தலையை மூடியே இருக்க வேண்டும், வீட்டுக்குள் நடக்கும் காட்சியிலும்கூட. நிஜ வீட்டில் எந்தப் பெண்ணும் அப்படி இருப்பதில்லை. பொய்யைப் படம் பிடிக்க விரும்பாமல் வீட்டுக்குள் நடக்கும் காட்சிகளையே அவர் தவிர்த்து வந்தார். கார் வசதியாகப் போயிற்று.

★

‘டேஸ்ட் ஆஃப் செர்ரி’யில் (1997) தற்கொலை முடிவோடு ஒருவர் காரில் சுற்றுகிறார். தான் இறந்தபின் குழியில் மண் தள்ள ஒரு ஆள் வேண்டும், கூலி தருகிறேன் என்று ஒவ்வொருவராக ஏற்றிக்கொண்டு கேட்கிறார். அந்தப் பாத்திரத்தில் நடித்த ஹொமாயூன் எர்ஷாதி கட்டடக் கலைஞர். சிக்னலில் காரில் உட்கார்ந்திருந்தவரைக் கண்டு கண்ணாடியைத் தட்டி அழைத்தார் கியரோஸ்தமி.

படத்தில் ஓட்டுநரும் பக்கத்து இருக்கைக்காரரும் மணிக்கணக்காகப் பேசுகிறார்கள் அல்லவா? படப்பிடிப்பில் அவர்கள் சந்திக்கவே இல்லை. ஒருவரை எடுக்கும்போது எதிர் இருக்கையில் கியரோஸ்தமியே உட்கார்ந்து பேச்சுக் கொடுத்தார். நாம் பார்க்கும் ஒவ்வொரு முகமும் இயக்குநரோடு பேசுகிற முகம்.

கான் விழாவில் தங்கப் பனை கிடைத்தது, ஜப்பானிய இயக்குநர் இமாமுராவோடு பங்கு போட்டு. விருது தந்த நடிகை கேத்தரின் தெனெவ் வழக்கப்படி கன்னத்தில் முத்தமிட்டார். அது ஈரானில் பெரும் கொந்தளிப்பாகி, ஊர் திரும்பியவர் விமான நிலையத்தில் ஓசைப்படாமல் வெளியேற வேண்டியதாயிற்று.

★

‘டென்’ (2002) முழுக்கக் காருக்குள், டாஷ்போர்டில் பொருத்திய டிஜிட்டல் கேமராக்களால் ஆனது. பத்து உரையாடல்கள். ஓட்டுநர் மானியா அக்பரி. வாக்குவாதம் செய்யும் சிறுவனாக வருவது அவருடைய சொந்தப் பிள்ளை. படத்தின் உரிமை யாருக்கு, அதன் காட்சிகள் யாருடையவை என்று அக்பரி பிற்பாடு வெளிப்படையாகக் கடுமையான கேள்விகளை எழுப்பினார். படத்தைப் போற்றுகிறவர்கள் அவர் சொன்னதையும் காது கொடுத்துக் கேட்கத்தான் வேண்டும்.

★

இப்போது நம் ஊர்ப் பக்கம். பெங்களூருக்கும் பாரசீகத்துக்கும் உள்ள உறவு குதிரையில் வந்தது. 1824இல் ஷிராஸிலிருந்து குதிரை வியாபாரம் செய்ய வந்து இங்கேயே தங்கியவர் ஆகா அலி அஸ்கர். அலி அஸ்கர் ரோடு அவர் பெயரில்தான் இருக்கிறது. அவர் பேரன்தான் 1926 முதல் 1941 வரை மைசூர் திவானாக இருந்த சர் மிர்சா இஸ்மாயில்.

★

முதல் தமிழ்ப் பேசும்படமும் முதல் பாரசீகப் பேசும்படமும் ஒரே கம்பெனியின் தயாரிப்பு என்பது தெரியுமா? பம்பாயில் அர்தேஷிர் இரானி நடத்திய இம்பீரியல் பிலிம் கம்பெனி. 1931 மார்ச்சில் இந்தியாவின் முதல் பேசும்படம் ‘ஆலம் ஆரா’. அதே ஆண்டு அக்டோபர் 31 அன்று சென்னை கினிமா சென்ட்ரலில் டி. பி. ராஜலட்சுமி நடித்த ‘காளிதாஸ்’. நாயகி தமிழில் பேச, நாயகன் தெலுங்கில் பதில் சொன்ன படம். இயக்கிய எச். எம். ரெட்டி பெங்களூரில் பிறந்து வளர்ந்தவர், போலீஸ் வேலையை விட்டுவிட்டு சினிமாவுக்குப் போனவர். கியரோஸ்தமிக்கும் அவருக்கும் அந்தக் காக்கித் தொடர்பு எதேச்சைதான் என்றாலும் எனக்குப் பிடித்திருக்கிறது.

இரண்டு ஆண்டு கழித்து அதே கம்பெனியில் ‘லோர் இனப் பெண்’ (1933) உருவானது. எழுதி, நாயகனாக நடித்தவர் தெஹ்ரானிலிருந்து வந்து பம்பாயில் இருந்த அப்துல் ஹுசைன் செபந்தா. தெஹ்ரானில் மாதக்கணக்காக ஓடியது. தங்கள் மொழி திரையில் பேசுவதை ஈரானியர் முதன்முதலில் கேட்டது அப்போதுதான். நாயகி ரூஹங்கிஸ் சமிநெஜாத் பேச்சில் கெர்மான் வட்டார வாடை வீசும். திரையில் தோன்றிய குற்றத்துக்காக அவர் பட்ட ஏச்சும் பேச்சும் கொஞ்சமல்ல. ஊர் அவருக்குச் செய்தது அநியாயம். நம் ராஜலட்சுமியும் தன் காலத்தில் நடிகை என்ற பட்டத்தோடு என்னவெல்லாம் கேட்டிருப்பார்.

செபந்தா 1934இல் ‘ஷிரின்-ஃபர்ஹாத்’ காதல் கதையையும் இந்தியாவில் படமாக்கினார். 74 ஆண்டு கழித்துக் கியரோஸ்தமி அதே ஷிரினைத் தொட்டார், ஆனால் எப்படி? ‘ஷிரின்’ (2008) படத்தில் கதையே கண்ணுக்குத் தெரியாது. தியேட்டரில் அந்தப் படத்தைப் பார்த்துக்கொண்டிருக்கும் பெண்களின் முகங்கள் மட்டும்தான். நூற்றுக்கும் மேற்பட்ட நடிகைகள். ஜூலியட் பினோஷும் ஒருத்தர். ஒலி மட்டும் நமக்குக் கேட்கும். வாள் உரசும், குதிரை ஓடும், ஷிரின் அழுவாள், இந்த முகங்களில் கண்ணீர் இறங்கும். தியேட்டர் என்று நாம் நம்புவது அவர் வீட்டுக் கூடம். நாற்காலிகளில் உட்கார்ந்த நடிகைகளின் எதிரே படம் எதுவும் ஓடவில்லை. தங்கள் மனத்தில் ஓடிய ஏதோ ஒன்றுக்காக அழுதார்கள். எந்தக் கதைக்கான அழுகை என்பது பிற்பாடுதான் முடிவாயிற்று.

★

படம் பார்க்கும்போது யாராவது தூங்கினால் கியரோஸ்தமிக்குக் கோபம் வராது. சில படங்கள் நாற்காலியோடு கட்டிப் போட்டுவிட்டு வெளியே வந்ததும் மறந்துபோகும். சில படங்கள் தூங்க வைத்துவிட்டுப் பிறகு பல நாள் விழித்திருக்கச் செய்யும், எனக்குப் பின்னவைதான் பிடிக்கும் என்ற பொருள்படச் சொல்லியிருக்கிறார். கடற்கரையில் ஐந்தே நீண்ட காட்சிகளாலான ‘ஃபைவ்’ (2003) படத்தை ஜப்பானிய மேதை ஓசுவுக்குக் காணிக்கையாக்கினார். அதில் ஒன்றில் வாத்துகள் இந்தப் பக்கமிருந்து அந்தப் பக்கம் போகும். பிறகு திரும்பி வரும்.

★

சத்யஜித் ராய் மறைந்தபோது மனம் உடைந்திருந்த ஜப்பானிய இயக்குநர் அகிரா குரோசாவா, கியரோஸ்தமியின் படங்களைப் பார்த்தபின், ராயின் இடத்துக்குச் சரியான ஆளைக் கடவுள் தந்திருக்கிறார் என்று நன்றி சொன்னார். இதற்குமேல் ஒரு சான்றிதழ் கிடையாது.

★

கியரோஸ்தமியின் உதவியாளராக இருந்தவர்தான் இயக்குநர் ஜாபர் பனாஹி. ‘ஆலிவ் மரங்களுக்கு இடையே’ படத்தில் கூட இருந்தார். பனாஹியின் முதல் முழுநீளப் படமான ‘ஒயிட் பலூன்’ (1995) திரைக்கதை கியரோஸ்தமி எழுதித் தந்தது. படம் எடுக்கக் கூடாதென்று அரசு தடை போட்டும் பனாஹி நிறுத்தவில்லை. தானே டாக்ஸி ஓட்டிக்கொண்டு எடுத்த படம் 2015இல் பெர்லினில் தங்கக் கரடி வென்றது. குரு போலவே காருக்குள். 2025இல் கானில் அவருக்கும் தங்கப் பனை.

★

தமிழில் இந்த வழியில் நெருங்கி நிற்பவர் பி. எஸ். வினோத்ராஜ். ‘கூழாங்கல்’ (2021) ராட்டர்டாமில் டைகர் விருது பெற்றது: கொதிக்கும் வெயிலில் அப்பாவும் பையனும் நடக்கிறார்கள், நடந்துகொண்டே இருக்கிறார்கள். ‘கொட்டுக்காளி’யில் (2024) பின்னணி இசை அறவே கிடையாது, ஆட்டோவிலும் பைக்கிலுமாக ஒரு குடும்பம் போகிறது, முடிவை நம் கையில் கொடுத்துவிட்டுப் படம் நின்றுவிடுகிறது. முடிவு எங்கே என்று தியேட்டரில் சத்தம் போட்டவர்கள் உண்டு. பார்க்கிறவனுக்கும் புத்தி உண்டு என்று மதித்து ஒரு இயக்குநர் விட்டுவைத்த இடம் அது. நிரப்ப வேண்டியது நாம்.

★

புரட்சிக்குப் பின் பலர் வெளியேறினார்கள், கியரோஸ்தமி ஈரானிலேயே இருந்தார். வேரோடு பிடுங்கி வேறிடத்தில் நட்ட மரம் காய்க்காது என்பார். கடைசிக் காலத்தில்தான் இத்தாலியிலும் (‘சர்டிஃபைட் காப்பி’, 2010) ஜப்பானிலும் (‘லைக் சம்ஒன் இன் லவ்’, 2012) படமெடுத்தார். 2016 ஜூலை 4 அன்று பாரிசில் காலமானார், வயது 76.

★

எதிலிருந்து தொடங்குவது என்று கேட்பவர்களுக்கு: வீட்டில் பள்ளிப் பிள்ளை இருந்தால் ‘நண்பனின் வீடு எங்கே?’, பிள்ளையைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு. மொழி புரியவில்லை என்று பிள்ளைகள் சொல்வதில்லை, நோட்டு கிடைத்ததா என்றுதான் கேட்கிறார்கள். அடுத்து ‘வாழ்க்கை தொடர்கிறது’, அதன்பின் ‘ஆலிவ் மரங்கள்’. இந்த வரிசை மாறக் கூடாது. ‘குளோஸ்-அப்’ பார்க்கத் தனியாக ஒரு ராத்திரி ஒதுக்குங்கள். ‘ஷிரினை’ மட்டும் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள். நல்ல ஹெட்போன் அவசியம்.